ஓபராவா, சினிமாவா: செட்டும் உடையும் வரையத் தெரிந்தவர் எந்தப் பக்கம் போகலாம்?

செட் போடவும் ஆசை, உடை வரையவும் ஆசை, இரண்டில் எதையும் விட மனசில்லை என்று சொல்லும் இளைஞர்களுக்கு நம் ஊரில் கிடைக்கிற பதில் ஒன்றுதான்: சினிமாவுக்குப் போ. அங்கே போய் நின்றால் முதல் கேள்வியே "நீ ஆர்ட் டிபார்ட்மென்டா, காஸ்ட்யூமா?" என்பதாக இருக்கும். ஐரோப்பாவிலும் அமெரிக்காவிலும் ஆஸ்திரேலியாவிலும் இதே ஆசையோடு வருகிறவருக்கு இன்னொரு வாசலும் இருக்கிறது. அது ஓபரா. இரண்டு வாசலிலும் நுழைந்து பெயர் வாங்கியவர்கள் உண்டு. ஆனால் இரண்டும் கேட்கிற உழைப்பு வேறு, தருகிற பிழைப்பு வேறு. லண்டனிலோ டொரான்டோவிலோ சிட்னியிலோ வளர்கிற நம் பிள்ளைகளில் யாராவது இந்த யோசனையில் இருந்தால், அல்லது சென்னையில் இருந்தபடி வெளிநாட்டுப் படிப்புக்கு விண்ணப்பம் போட்டுக்கொண்டிருந்தால், அவர்களுக்காக இதை எழுதுகிறேன்.

என் கட்சி எது என்பதை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். செட்டும் வேண்டும், உடையும் வேண்டும் என்பவர் ஓபராவிலும் நாடக மேடையிலும் தொடங்குவதுதான் நல்லது. உடை மட்டும் போதும் என்பவருக்குக் கணக்கு வேறு. அதை அப்புறம் பார்ப்போம்.

ஓபரா என்றால் என்ன என்று ஒரு வரி. வசனம் இல்லாமல், அல்லது கொஞ்சமாக வைத்துக்கொண்டு, கதை முழுக்கப் பாட்டாலேயே நடக்கிற மேடை நாடகம். மேடைக்கு முன்னால் ஒரு பள்ளத்தில் முழு ஆர்கெஸ்ட்ரா உட்கார்ந்திருக்கும். பாடுகிறவர்களுக்கு மைக் கிடையாது. நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் ஓபராவில் சுமார் 3,800 இருக்கைகள். கடைசி வரிசையில் மலிவு டிக்கெட்டில் இருப்பவருக்கும் வெறும் தொண்டையால் பாடியே கேட்கவைக்க வேண்டும். செட் வரைகிறவரும் உடை வரைகிறவரும் எடுக்கிற முடிவுகளில் பாதி இந்த மைக் இல்லாத சங்கதியில் இருந்துதான் வருகிறது.

ஒரே ஆள், இரண்டு வேலை

1955 மார்ச்சில் இத்தாலியில் மிலான் நகரின் ஓபரா இல்லமான லா ஸ்காலாவில், பெல்லினி இசையமைத்த 'லா சொன்னாம்புலா' மேடையேறியது. இயக்கம் லுக்கினோ விஸ்கோன்தி, ஆர்கெஸ்ட்ராவை நடத்தியவர் லெனார்ட் பெர்ன்ஸ்டைன், நாயகி மரியா காலாஸ். செட், உடை இரண்டுமே பியெரோ தோஸி என்ற 27 வயது இளைஞரின் கைவேலை. கதையில் நாயகி ஒரு கிராமத்துப் பெண். ஆனால் காலாஸை அவர்கள் கிராமத்துப் பெண்ணாக உடுத்தவில்லை. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பாலே நட்சத்திரம் மரியா தாலியோனியின் சாயலில் உடுத்தினார்கள். யதார்த்தம் கெட்டதே என்று யாரும் கேட்கப்போவதில்லை. ஓபரா மேடையில் அந்தச் சுதந்திரம் உண்டு.

பதினான்கு வருஷம் கழித்து அதே காலாஸுக்கு அதே தோஸி மறுபடியும் உடை செய்தார். இந்த முறை சினிமா: இத்தாலிய இயக்குநர் பஸோலினி 1969இல் எடுத்த 'மெடியா'. உலகம் கொண்டாடிய அந்தப் பாடகி அதில் ஒரு வரிகூடப் பாடவில்லை. துருக்கியின் கப்படோக்கியா பாறைவெளியில், வெயிலில், கனமான துணியும் நகையும் சுமந்து நடித்தார். உடை தோஸியுடையது. செட்? அது தாந்தே ஃபெரெட்டி என்ற இன்னொரு இளைஞரின் பொறுப்பு. பிற்பாடு ஹாலிவுட் இயக்குநர்கள் ஸ்கோர்செஸிக்கும் டிம் பர்ட்டனுக்கும் வேலை செய்து மூன்று ஆஸ்கர் வாங்கிய அதே ஃபெரெட்டிதான்.

மேடையில் இரண்டையும் செய்த ஆள் சினிமாவில் ஒன்றை மட்டும் செய்ததற்குத் திறமைக் குறைவு காரணமில்லை. வேலை நடக்கும் விதம் அப்படி. சினிமாவில் உடைக்குப் பொறுப்பானவர் படப்பிடிப்பு நடக்கிற இடத்தில் நடிகரின் பக்கத்தில் நிற்க வேண்டும். அதே நேரத்தில் செட்டுக்குப் பொறுப்பானவர் அடுத்த வாரம் ஷூட்டிங் நடக்கப்போகிற இடத்தில் சுவருக்குச் சாயம் பூசவைத்துக்கொண்டிருப்பார். ஒரே ஆள் இரண்டு இடத்தில் இருக்க முடியாது. ஓபராவில் எல்லா வேலையும் திரை விலகும் முதல் நாளுக்கு முன்பே, பெரும்பாலும் ஒரே நிறுவனத்தின் கூரைக்குக் கீழே முடிகிறது. காலையில் தச்சுப் பட்டறை, மாலையில் தையல் கூடம் என்று ஒருவரே போய்வரலாம். முதல் காட்சி முடிந்ததும் வடிவமைப்பாளர் ஊருக்குக் கிளம்பிவிடுவார். அதற்கப்புறம் மேடை ஊழியர்கள் பார்த்துக்கொள்வார்கள்.

விதிவிலக்குகள் இல்லாமல் இல்லை. ஜெர்மனியில் மேடை வடிவமைப்பாளராக இருந்து, மனைவி யூதர் என்பதால் நாஜிகளுக்குத் தப்பி இங்கிலாந்து வந்த ஹைன் ஹெக்ரோத், இயக்குநர்கள் பவலும் பிரெஸ்பர்கரும் 1951இல் 'தி டேல்ஸ் ஆஃப் ஹாஃப்மன்' ஓபராவைப் படமாக எடுத்தபோது செட், உடை இரண்டையும் செய்து இரண்டுக்குமே ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். அந்தப் படத்தில் பாட்டு முழுவதையும் முன்பே பதிவு செய்துவிட்டு, அதற்கேற்பக் காட்சியை எடுத்தார்கள். அதனால் மேடைபோலவே எல்லாவற்றையும் முன்கூட்டித் திட்டமிட முடிந்தது. ஆஸ்திரேலியாவின் கேத்தரின் மார்ட்டின் இன்னொருவர்: 'மூலான் ரூஜ்', 'தி கிரேட் கேட்ஸ்பி' இரண்டு படங்களுக்கும் செட்டுக்கு ஒன்று, உடைக்கு ஒன்று என நாலு ஆஸ்கர். இயக்குநர் பாஸ் லூர்மன் அவருடைய கணவர் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். படத்தின் முதல் யோசனையிலிருந்தே கூட இருப்பவருக்குத்தான் இந்த இரட்டை வேலை சாத்தியம்.

நம் பக்கமும் ஒருவர் இருந்தார். கலை இயக்குநர் பி. கிருஷ்ணமூர்த்தி, 'பாரதி' படத்துக்குக் கலை இயக்கம், உடை வடிவமைப்பு இரண்டுக்கும் தேசிய விருது வாங்கினார். மலையாளத்தின் 'ஒரு வடக்கன் வீரகதா'வுக்கும் அப்படியே இரண்டு. இரண்டுமே பழைய காலத்தைக் கட்டி எழுப்ப வேண்டிய படங்கள். வீடும் வேட்டியும் ஒரே ஆராய்ச்சியில் இருந்து வர வேண்டிய இடத்தில் ஒரே ஆளிடம் கொடுப்பது புத்திசாலித்தனம். ஆனால் பெரும்பாலான தயாரிப்பாளர்கள் அப்படிக் கொடுப்பதில்லை.

ஓபராவிலும் எல்லா ஊரிலும் இந்த வசதி கிடையாது. பிரிட்டிஷ் மரபில் ஒரே வடிவமைப்பாளர் இரண்டையும் செய்வது சகஜம். கல்லூரிகளும் அப்படியே பயிற்சி தருகின்றன. ஜெர்மன் மொழி பேசும் நாடுகளிலும் அமெரிக்காவிலும் மேடைக்கு ஒருவர், உடைக்கு ஒருவர் என்று பிரிப்பதுதான் அதிகம். இரண்டையும் கற்க ஆசைப்படுபவர் படிக்கும் நாட்டைத் தேர்ந்தெடுக்கும்போது இதைக் கணக்கில் எடுத்துக்கொள்ளவும்.

உடையை உள்பக்கம் திருப்பிப் பாருங்கள்

இரண்டு தொழிலுக்கும் உள்ள வித்தியாசத்தை ஒரு உடையின் உள்பக்கத்தைப் பார்த்தே தெரிந்துகொள்ளலாம்.

ஓபரா உடையில் பக்கவாட்டிலும் முதுகிலும் தாராளமாக உள்ளே துணி விட்டுத் தைத்திருப்பார்கள். கொக்கி மாட்டும் கண்ணிகள் ஒரு வரிசைக்கு இரண்டு வரிசையாக இருக்கும். கழுத்தின் உள்பக்கம் ஒரு துணி நாடா. அதில் உடையைப் போட்ட பாடகரின் பெயர். பழைய உடையென்றால் ஒன்றன்கீழ் ஒன்றாகப் பல பெயர்கள். ஒரு தயாரிப்பு பத்து வருஷம், இருபது வருஷம் ஓடும். ஒவ்வொரு முறையும் வேறு பாடகர் வருவார், ஒருவர் ஒல்லி, அடுத்தவர் பருமன். பிரித்துத் தைக்க இடம் இல்லாத உடை அங்கே உதவாது. பாடுகிறவரின் விலா விரிய இடம் வேண்டும். நாயகி இடுப்பை இறுக்கும் கோர்செட் கச்சு போட்டமாதிரி தெரிய வேண்டும், ஆனால் மூச்சு முட்டக் கூடாது. தலைப்பாகையோ தொப்பியோ காதை மூடினால் ஆர்கெஸ்ட்ரா சரியாகக் கேட்காது, சுருதி போய்விடும். அழகான கிரீடம் வரைந்து கொண்டுபோன இளம் வடிவமைப்பாளர் ஒத்திகையில் இந்தக் காரணத்துக்காகவே அதைக் கழற்றி வைக்க வேண்டியிருக்கும்.

சினிமா உடையின் உள்ளே இதெல்லாம் தேவையில்லை. அந்த ஒரு நடிகருக்கு மட்டும் அளவெடுத்துத் தைத்தால் போதும். ஆனால் அதே சட்டை நாலைந்து வேண்டும். ஒன்று சுத்தமானது, ஒன்று சேறு பட்டது, ஒன்று ரத்தம் தோய்ந்தது, ஒன்று டூப் போடுகிறவருக்கு, ஒன்று கைவசம். கதை வரிசைப்படி எடுக்கமாட்டார்கள். கிழிந்த சட்டைக் காட்சியை முதல் நாளும், அது புதிதாக இருந்த காட்சியை மூன்றாவது வாரமும் எடுப்பார்கள். எந்தப் பொத்தான் போட்டிருந்தது, கைமடிப்பு எத்தனை சுற்று என்று படம்பிடித்துக் குறித்து வைப்பதற்கே ஆள் உண்டு. புதுச் சட்டையைப் பழசாக்குவது தனிக் கலை. முழங்கையில் உப்புத்தாள் போட்டுத் தேய்ப்பார்கள், காலரில் காய் துருவியை ஓட்டுவார்கள், டீத்தண்ணீரில் முக்குவார்கள், பையில் கல்லைப் போட்டுத் தொங்கவிட்டுத் தொய்ய வைப்பார்கள். கேமரா ஒரு முழ தூரத்துக்கு வந்து பார்க்கும். தையல் இயந்திரத்தில் போட்ட தையலா, கையால் போட்டதா என்பது வரைக்கும் தெரியும். 'பேரி லிண்டன்' படத்துக்கு மிலேனா கனோனெரோவும் உல்லா-பிரிட் ஸோடர்லுண்டும் ஏலத்தில் வாங்கிய பதினெட்டாம் நூற்றாண்டின் அசல் உடைகளையும் பயன்படுத்தியது இதனால்தான். ஓபராவில் அந்த நுணுக்கம் மூன்றாவது மாடிக்குப் போய்ச் சேராது. அங்கே வேண்டியது வெளிக்கோடு, நிறம், துணி ஆடுகிற விதம்.

வேண்டியதாக இருந்தது என்று சொன்னால் இன்னும் சரியாக இருக்கும். 2006 டிசம்பர் 30 அன்று மெட்ரோபாலிட்டன் ஓபரா தன் நிகழ்ச்சிகளைத் தியேட்டர்களுக்கு நேரலையாக அனுப்பத் தொடங்கியது. அப்போதிலிருந்து மேடை உடையும் நெருக்கக் காட்சிக்கு வருகிறது. விக்கின் ஓரத்தில் ஒட்டிய வலைத்துணி, பெயின்ட்டில் வரைந்த ஜரிகை எல்லாம் பெரிய திரையில் தெரிந்துவிடும். முப்பது மீட்டருக்கும் சரிப்பட வேண்டும், ஒரு முழத்துக்கும் சரிப்பட வேண்டும் என்று இப்போது ஓபராக்காரர்களுக்கு இரட்டைத் தலைவலி. இரண்டு பக்கமும் பழகியவர்களுக்கு இதனால் மவுசு கூடியிருக்கிறது என்று நினைக்கிறேன்.

செட் விஷயத்திலும் இப்படித்தான். சினிமா செட் கேமரா பார்க்கிற பக்கம் மட்டும் இருந்தால் போதும். கேமராவை நுழைக்க வேண்டுமென்றால் ஒரு சுவரையே கழற்றி நகர்த்துவார்கள். ஓபரா செட் ஒலியைத் திருப்பி அரங்குக்குள் அனுப்ப வேண்டும். பாடகருக்குப் பின்னால் பலகைச் சுவர் இருந்தால் குரல் முன்னால் வரும். நாலு பக்கமும் வெல்வெட் திரை போட்டால் குரலைத் துணியே குடித்துவிடும். அதோடு, பெரிய ஓபரா இல்லங்களில் இன்று ஒன்று, நாளை வேறொன்று என்று மாற்றி மாற்றிப் போடுவார்கள். ஆக, ராத்திரியோடு ராத்திரியாகக் கழற்றி அடுக்கிவிட முடிகிற செட்டாக இருக்க வேண்டும்.

இதை மதிக்காமல் போனால் என்ன ஆகும் என்பதற்கு மெட்ரோபாலிட்டன் ஓபராவே உதாரணம். இயக்குநர் ராபர்ட் லெபாஜ் 2010இல், வாக்னர் இசையமைத்த நாலு ஓபராக்கள் கொண்ட 'ரிங்' வரிசையைத் தொடங்கியபோது மேடையில் ஒரு ராட்சத இயந்திரம் வைத்தார்கள். சுழலும் பலகைகளால் ஆனது, எடை சுமார் 45 டன். அதைத் தாங்க மேடைக்கு அடியில் இரும்பு உத்தரம் கொடுக்க வேண்டியிருந்தது. முதல் நாளே கடைசிக் காட்சியில், தேவர்கள் வானவில் பாலத்தில் ஏற வேண்டிய நேரத்தில், இயந்திரம் வேலை செய்யவில்லை. மென்மையான இசைக்கு நடுவே அது கிறீச்சிடுகிறது என்ற புகாரும் தொடர்ந்தது. சினிமாவில் இதே கோளாறு வந்திருந்தால் "கட், இன்னொரு டேக்" என்று முடிந்திருக்கும்.

காலமும் காசும்

ஓபரா இல்லங்கள் பாடகர்களை மூன்று, நாலு வருஷத்துக்கு முன்பே ஒப்பந்தம் செய்கின்றன. அதனால் வடிவமைப்பாளருக்கும் அழைப்பு சீக்கிரம் வரும், ஒன்றரை, இரண்டு வருஷம் முன்னால். முதலில் வெள்ளை அட்டையில் ஒரு மாடல், அப்புறம் 25இல் 1 பங்கு அளவில் நிறம் பூசிய முழு மாடல். இந்தப் பெட்டிக்குள் ஒரு விரல் உயரத்துக்கு மனித உருவம் நிற்கும், கதவு திறக்கும், நாற்காலிகூட அளவோடு இருக்கும். ஜெர்மன் அரங்குகளில் ஒரு நல்ல பழக்கம்: செட் கட்டத் தொடங்குவதற்கு மாதங்களுக்கு முன்பே, கைவசம் இருக்கும் மரச்சட்டம், பழைய துணி, அட்டையை வைத்து அசல் மேடையில் அதன் உருவத்தை நிறுத்திப் பார்ப்பார்கள். பால்கனியில் இருந்து பார்த்தால் நாயகியின் தலை தெரிகிறதா, படிக்கட்டு உயரம் சரியா என்று அங்கேயே தெரிந்துவிடும். எனக்கு ஓபராவில் ரொம்பப் பிடித்த ஏற்பாடு இது. தப்பை மலிவாகச் செய்து பார்க்க ஒரு நாள் ஒதுக்குகிறார்கள்.

சினிமாவில் இந்த ஆற அமர யோசிக்கிற வசதி குறைவு. சாதாரண அளவிலான படத்துக்கு முன்தயாரிப்பு சில வாரங்கள்தான். ஸ்கிரிப்ட் மாறிக்கொண்டே இருக்கும். நடிகர் கடைசி நேரத்தில் மாறுவார். லொகேஷன் கிடைக்காமல் போகும். ஷூட்டிங் நாளில் பன்னிரண்டு மணி நேரம் சாதாரணம். வேகமாக முடிவெடுக்கப் பிடித்தவருக்கு இது சொர்க்கம். ஒரு நிறத்தை வாரக்கணக்கில் யோசிப்பவருக்கு நரகம்.

சம்பளத்தில் சினிமா முன்னால் நிற்கிறது, சந்தேகமில்லை. வாரக்கணக்கில் கொடுப்பார்கள், சங்க விதிகள் உண்டு. ஓபராவில் ஒரு தயாரிப்புக்கு இவ்வளவு என்று மொத்தமாகப் பேசி, கையெழுத்துப் போடும்போது கொஞ்சம், மாடல் கொடுக்கும்போது கொஞ்சம், முதல் காட்சியின்போது மீதி என்று பிரித்துத் தருவது வழக்கம். அந்தத் தொகையை இரண்டு வருஷத்தால் வகுத்துப் பார்த்தால் மனசு கனக்கும். அதனால்தான் ஓபரா வடிவமைப்பாளர்கள் ஒரே நேரத்தில் நாலைந்து தயாரிப்புகளைக் கையில் வைத்துக்கொண்டு ஊர் ஊராகப் பறக்கிறார்கள். பழைய தயாரிப்பை மறுபடி போடும்போதோ வேறு அரங்குக்கு வாடகைக்கு விடும்போதோ பங்கு வரும், ஒப்பந்தத்தில் எழுதி வாங்கியிருந்தால். எழுதி வாங்குங்கள்.

அமெரிக்காவில் வேலை பார்க்க நினைப்பவருக்கு ஒரு நடைமுறைத் தகவல். லாஸ் ஏஞ்சல்ஸில் சினிமா உடைக்காரர்களுக்கு ஒரு சங்கம் (லோக்கல் 892), கலை இயக்கத்துக்கு வேறொரு சங்கம் (லோக்கல் 800). நியூயார்க்கில் உள்ள யுனைடெட் சீனிக் ஆர்ட்டிஸ்ட்ஸ், லோக்கல் 829, நாடகம், ஓபரா, சினிமா எல்லாவற்றையும் ஒரே குடைக்குள் வைத்திருக்கிறது. இரண்டு படகில் கால் வைக்க நினைப்பவருக்கு நியூயார்க் தோது.

செய்த வேலைக்கு ஆயுள் எவ்வளவு என்பதில் ஒரு வேடிக்கை. மேடை அன்றன்றைக்கு அழிவது, சினிமா நிலைப்பது என்போம். பார்ப்பவருக்கு அப்படித்தான். ஃபெரெட்டி 'கேங்ஸ் ஆஃப் நியூயார்க்' படத்துக்காக ரோமின் சினெசித்தா ஸ்டுடியோவில் பழைய நியூயார்க் தெருக்களையே கட்டினார். பொதுவாக, ஷூட்டிங்குக்குக் கட்டிய தெரு ஷூட்டிங்கோடு சரி. மிஞ்சுவது திரையில் ஓடுகிற பிம்பம். வியன்னா ஸ்டேட் ஓபராவிலோ 1958இல் நிக்கோலா பெனுவா வரைந்த செட்டில் இன்னமும் 'டோஸ்கா' நடக்கிறது. 600 முறைக்கு மேல் போட்டாகிவிட்டது. இயக்குநர் ஃபிராங்கோ செஃபிரெல்லி 1981இல் மெட்ரோபாலிட்டனுக்குச் செய்த 'லா போயெம்' செட்டும் அப்படித்தான். இரண்டாம் அங்கத்தில் திரை விலகும்போது பாரிஸ் தெருவில் 200 பேருக்கு மேல் நிற்பார்கள். செட்டைப் பார்த்தே கைதட்டுகிறார்கள், பாட்டு அப்புறம்தான்.

புகழ் என்று வந்தால் சினிமாவே. தோஸிக்கு ஐந்து ஆஸ்கர் பரிந்துரைகள். ஐந்தாவது, செஃபிரெல்லி ஓபராவைப் படமாக்கிய 'லா திராவியாத்தா'. அந்த வருஷம் உடைக்கான விருதைத் தட்டிக்கொண்டு போனது 'காந்தி': நம் பானு அதையாவும் ஜான் மோலோவும். இந்தியர் ஒருவர் வாங்கிய முதல் ஆஸ்கர் ஓபரா படம் ஒன்றை முந்திக்கொண்டு வந்தது என்பது நம்மில் பலர் கவனிக்காத சங்கதி. தோஸிக்குக் கடைசியில் 2013இல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். அவர் போகவில்லை, கிளாடியா கார்டினாலே வாங்கிக்கொண்டார்.

ஒரு கரையிலிருந்து மறு கரைக்கு

இப்போது முக்கியமான கேள்வி. ஒன்றில் தொடங்கிவிட்டு மற்றொன்றுக்கு மாற முடியுமா?

மேடையிலிருந்து சினிமாவுக்குப் பாதை தேய்ந்து பழகியது. ஹெக்ரோத் அப்படிப் போனவர். 'மேட் மேக்ஸ்: ஃப்யூரி ரோட்' உட்பட மூன்று ஆஸ்கர் வாங்கிய ஜெனி பீவன், லண்டனில் மேடை வடிவமைப்பாளர் ரால்ஃப் கோல்டாயிடம் படித்து, மேடையில் தொடங்கியவர். காரணம் எளிது. மேடையில் பழகியவருக்கு இடம், ஒளி, உடல், துணி நாலையும் சேர்த்துப் பார்க்கத் தெரியும். கேமராவின் நுணுக்கத்தைச் சில படங்களில் கற்றுக்கொள்ளலாம்.

சினிமாவிலிருந்து ஓபராவுக்குப் போகிறவர்கள் பெரும்பாலும் பெயர் வாங்கிய பிறகு, ஓர் இயக்குநரின் கையைப் பிடித்துக்கொண்டு போகிறார்கள். 2006இல் மெட்ரோபாலிட்டனில் டான் டுன் இசையமைத்த 'தி ஃபர்ஸ்ட் எம்பரர்' ஓபராவை சீன சினிமா இயக்குநர் ஜாங் யிமோ இயக்கினார். உடைக்கு எமி வாடாவை அழைத்துவந்தார், 'ஹீரோ'வில் தன்னோடு வேலை செய்தவர் என்பதால். குரோசாவாவின் 'ரான்' படத்துக்கு எமி வாடா ஆஸ்கர் வாங்கி அப்போது இருபது வருஷம் ஆகிவிட்டது. விளம்பரத் துறையில் இருந்து வந்த எய்கோ இஷியோகாவும் 'டிராகுலா'வுக்கு ஆஸ்கர் வாங்கிய பிறகுதான் ஆம்ஸ்டர்டாமில் 'ரிங்' வரிசைக்கு உடை செய்தார். இருபத்தைந்து வயதில் சினிமா ஆர்ட் டிபார்ட்மென்டில் உதவியாளராக இருப்பவரை எந்த ஓபரா இல்லமும் தேடி வந்து கூப்பிடாது. நான் மேடையில் தொடங்கச் சொல்வதற்கு இதுதான் பெரிய காரணம்.

இரண்டு பக்கமும் வடிவமைப்பாளரைத் தேர்ந்தெடுப்பவர் இயக்குநர் என்பதையும் கவனியுங்கள். கேத்தரின் மார்ட்டின் சிட்னியின் நைடா கல்லூரியில் படித்தவர். அதே கல்லூரியில் அவருக்கு முன்னால் படித்தவர் லூர்மன். 1990இல் இருவரும் சேர்ந்து ஆஸ்திரேலியன் ஓபராவுக்கு 'லா போயெம்' செய்தார்கள், கதையை 1957இன் பாரிஸுக்கு நகர்த்தி. மொட்டைமாடியில் சிவப்பாக எரியும் 'லாமூர்' (பிரெஞ்சில் காதல்) என்ற விளக்கெழுத்து அந்த மேடையில் இருந்தது; அதே எழுத்து பின்னால் 'மூலான் ரூஜ்' படத்திலும் எரிந்தது. அந்த 'லா போயெம்' 2002இல் நியூயார்க்கின் நாடக வட்டாரமான பிராட்வேக்குப் போய் மார்ட்டினுக்கு நாடகத்துக்கான டோனி விருதும் வாங்கித் தந்தது. கல்லூரியில் பக்கத்து வகுப்பில் இயக்கம் படிக்கிறவர்களோடு சேர்ந்து டீ குடிப்பது பாடத்திட்டத்தில் இல்லை; ஆனால் அதைத் தவறவிட வேண்டாம்.

உடை மட்டும் போதும் என்பவருக்கு

இவருக்கு நான் ஓபராவையும் சொல்லமாட்டேன், சினிமாவையும் சொல்லமாட்டேன். தையல் கூடத்தைச் சொல்வேன். ரோமில் உம்பெர்தோ திரெல்லி 1964இல் தொடங்கிய கூடம் ஓபராவுக்கும் தைக்கிறது, சினிமாவுக்கும் தைக்கிறது. தோஸியின் உடைகள் அங்கே உருவாயின. அவருடைய உதவியாளராக இருந்த கேப்ரியெல்லா பெஸ்குச்சி 'தி ஏஜ் ஆஃப் இன்னசன்ஸ்' படத்துக்கு ஆஸ்கர் வாங்கினார், ஓபராவுக்கும் உடை செய்தார். துணி எப்படி வெட்டப்படுகிறது என்று தெரிந்தவருக்கு இரண்டு கதவும் திறக்கும். பெரிய ஓபரா இல்லங்களின் பட்டறைகளும் நல்ல பள்ளிக்கூடங்கள். லா ஸ்காலாவின் பட்டறை மிலானில் அன்சால்டோ என்ற பழைய ஆலையில் 20,000 சதுர மீட்டர் பரப்பில் இருக்கிறது. 60,000க்கு மேற்பட்ட உடைகள் அங்கே தொங்குகின்றன. வடிவமைப்பாளர் என்ற பெயர் கிடைக்காது. ஆனால் வெட்டுபவராக, சாயமிடுபவராக, தொப்பி செய்பவராக வருஷம் முழுக்கச் சம்பளம் வாங்கிக்கொண்டு வேலை பார்ப்பவர்கள் அங்கே இருக்கிறார்கள். தனித்தொழில் செய்கிற பெரும்பாலான வடிவமைப்பாளர்களுக்கு வாய்க்காத நிம்மதி அது.

கட்டடக்கலை படித்தவர், கணினியில் முப்பரிமாண வரைபடம் போடத் தெரிந்தவர், உடையில் பெரிய ஈடுபாடு இல்லாதவர் என்றால் நேராக சினிமாவுக்குப் போகலாம். சுற்றிவளைக்க வேண்டியதில்லை.

எங்கே படிப்பது

இந்தியாவிலேயே இருக்க விரும்பினால் சினிமாவோ நாடக மேடையோதான் வழி. புனே திரைப்படக் கல்லூரியில் கலை இயக்கத்துக்கு முழுநேரப் படிப்பு இருக்கிறது. டெல்லி தேசிய நாடகப் பள்ளியில் மேடை வடிவமைப்பு கற்கலாம். மும்பையில் ராயல் ஓபரா ஹவுஸ் என்று அழகான கட்டடம் உண்டு, 2016இல் புதுப்பித்துத் திறந்தார்கள். ஆனால் சொந்தப் பட்டறையும் கோரஸும் (கூட்டமாகப் பாடும் குழு) வைத்துக்கொண்டு வருஷம் முழுக்க ஓபரா போடும் இடமல்ல அது.

வெளிநாடென்றால், செட்டும் உடையும் சேர்த்துக் கற்க பிரிட்டன்: லண்டனின் சென்ட்ரல் செயின்ட் மார்ட்டின்ஸ், கார்டிஃபின் ராயல் வெல்ஷ் கல்லூரி. படித்து முடிப்பவர்களுக்கு 1987 முதல் லின்பரி பரிசு என்று ஒன்று இருக்கிறது, முதல் பெரிய வேலை கிடைக்க உதவுவது. சினிமா செட் மட்டும் என்றால் பீக்கன்ஸ்ஃபீல்டில் உள்ள தேசியத் திரைப்படப் பள்ளி. பணம்தான் தடை என்பவர் அமெரிக்காவின் யேல் பல்கலைக்கழகத்தைப் பாருங்கள். மிங் சோ லீ பல பத்தாண்டுகள் மேடை வடிவமைப்பு சொல்லிக்கொடுத்த அந்த நாடகப் பள்ளியில், டேவிட் கெஃபன் கொடுத்த 15 கோடி டாலர் நன்கொடைக்குப் பிறகு, 2021 முதல் கல்விக் கட்டணமே கிடையாது. நுழைவது கஷ்டம், நுழைந்துவிட்டால் கட்டணக் கடன் இல்லை.

விண்ணப்பத்துக்கு முன் ஒரு பயிற்சி செய்து பாருங்கள். ஏதாவது ஓர் ஓபராவை எடுத்து, முழுக்கக் கேட்டு, ஒரு அங்கத்துக்கு 25இல் 1 அளவில் மாடல் செய்யுங்கள். நாலு பாத்திரங்களுக்கு உடை வரையுங்கள். அப்புறம் அதே கதையில் ஒரே ஒரு காட்சியை சினிமாவாக நினைத்து, மேசை இழுப்பறையில் என்ன இருக்கும், நாயகியின் காலணி எந்தப் பக்கம் தேய்ந்திருக்கும் என்பது வரை பட்டியல் போடுங்கள். எதைச் செய்யும்போது சாப்பாடு மறந்தது என்று உங்களுக்கே தெரியும். முதலாவதுதான் என்றால், போர்ட்ஃபோலியோவில் நாயகியின் உடையை முதல் பக்கத்தில் வைக்காதீர்கள். அதை எல்லோரும் நன்றாக வரைவார்கள். கோரஸில் நிற்கும் அறுபது பேரைச் சின்ன பட்ஜெட்டில், ஒருவர் மாதிரி ஒருவர் இல்லாமல் எப்படி உடுத்துவீர்கள் என்று காட்டும் பக்கத்தை முன்னால் வையுங்கள்.